மாடித்தோட்டம் குழு: பாட்டுக்கு அசையும் செடி வைக்கலாமா?

கீதா: எல்லாருக்கும் வணக்கம். மாடி கிழக்கு மூலையில பிள்ளைங்களுக்கு ஒரு ‘ஒலித் தோட்டம்’ போடலாம்னு யோசனை. பாட்டு போட்டா செடி பதில் சொல்லணும். ஸ்பீக்கர் எத்தனை வாட் வாங்கலாம்?

முருகேசன் சார்: ஸ்பீக்கர் வேண்டாம்மா. காத்துல வர்ற சத்தத்துக்கு இலையை அசைக்கிற பலம் கிடையாது. அதிர்வு செடியைத் தொடணும். கண் முன்னாடி பதில் வேணும்னா கத்திரியும் தக்காளியும் வைங்க.

சதீஷ்: தக்காளியா சார்?

முருகேசன் சார்: ஆமாப்பா. கத்திரிப் பூவுல மகரந்தப் பை நுனியில சின்னத் துளைதான் இருக்கும். தக்காளியில பைகளெல்லாம் ஒட்டி மஞ்சள் கூம்பா நிக்கும், தூள் அதுக்குள்ள கொட்டி நுனி வழியா வெளிய வரணும். நீலப்பட்டைத் தேனீயும் கருவண்டும் பூவைக் கவ்விக்கிட்டு, றெக்கையை அடிக்காம மார்புத் தசையை மட்டும் அதிர வைக்கும். ‘ம்ம்ம்’னு சத்தம் கேக்கும், தூள் கொட்டும். பெட்டியில வளர்க்கிற தேனீ இதைச் செய்யாது.

கீதா: அந்தச் சத்தத்தை நாம எப்படிக் குடுக்கிறது?

முருகேசன் சார்: பள்ளி லேப்ல இருக்கிற இசைக்கவைதான், தட்டினா ஒரே சுரத்துல அதிர்ற ரெட்டைக் கம்பி. ரப்பர்ல தட்டுங்க, கல்லுலயோ மேசை விளிம்புலயோ தட்டினா கவை கெட்டுடும். அதிர்ற கவையை பூவுக்குப் பின்னாடி காம்புல வைங்க. தொட்டதும் அதிர்வு சீக்கிரம் ஓஞ்சிடும், திரும்பத் தட்டணும். பூவுக்கு அடியில கறுப்புத் தாள் பிடிங்க. பொடி மஞ்சளா விழறது பிள்ளைங்களுக்கு நல்லாத் தெரியும்.

பர்வீன் அக்கா: பேட்டரி டூத் பிரஷ்ஷும் போதும். கொத்துக் காம்புல ரெண்டு மூணு வினாடி. கூம்பு மேல அழுத்தாதீங்க, காயம் பட்டு கறுத்துடும். காலை 9 மணியிலிருந்து 11 வரைக்கும் சரியான நேரம். மழை பெஞ்ச ஈரத்துல தூள் கட்டி தட்டிடும், அன்னைக்கு விட்டுடுங்க.

சதீஷ்: சித்திரையில செஞ்சா?

பர்வீன் அக்கா: பலன் குறைவு தம்பி. பகல் 35 டிகிரி தாண்டி ராத்திரியும் புழுக்கமா இருந்தா தக்காளி மகரந்தமே உயிரில்லாமப் போயிடும், எவ்வளவு அதிர வச்சாலும் பூ உதிரும். கத்திரியில இன்னொண்ணு பாருங்க. நடுவுல இருக்கிற பச்சைத் தண்டு மஞ்சள் பைகளைத் தாண்டி வெளிய நீட்டியிருக்கிற பூவை மட்டும் அதிர வைங்க. உள்ளயே குட்டையா இருக்கிற பூ பெரும்பாலும் காய்க்காது.

கீதா: மிளகாய்க்கும் இதே மாதிரியா அக்கா?

பர்வீன் அக்கா: அதுல பை நீளவாக்குல வெடிச்சுடும், காத்து ஆட்டினாலே போதும்.

சதீஷ்: தொழுகண்ணிச் செடி பாட்டுக்கு ஆடும்னு சொல்றாங்களே?

முருகேசன் சார்: பாட்டு இல்லாமலும் ஆடும்பா. பெரிய இலை பக்கத்துல ரெண்டு குட்டி இலை இருக்கும், நல்ல வெயில் சூட்டுல அதுங்க சில நிமிஷத்துக்கு ஒரு சுத்து வரும். குளிர்ந்தா நின்னுடும். ஜகதீஷ் சந்திர போஸ் அந்த அசைவையே கருவி வச்சு அளந்தவர். அவசியம் ஒரு தொட்டி வைங்க. விதைத் தோல் கெட்டி, உப்புத்தாள்ல லேசா தேய்ச்சு, வெதுவெதுப்பான தண்ணியில ஒரு ராத்திரி ஊற வச்சு, அரை சென்டிமீட்டர் ஆழத்துல போடுங்க.

கீதா: அப்போ செடிக்குக் காதே இல்லையா சார்? அண்ணாமலைப் பல்கலைக்கழகத்துல தாவரவியல் பேராசிரியர் டி.சி. சிங் செடிங்களுக்கு இசை வச்சு சோதனை பண்ணினாரே?

முருகேசன் சார்: பண்ணினார்மா, பெரிய முயற்சி. ஆனா வீட்டுல பாட்டு கேக்கிற தொட்டிக்குத் தண்ணியும் கவனிப்பும் தானா கூடிடும். அதனால ஒரே நாள் நாத்து, ஒரே மண்கலவை, ஒரே வெயில், பாட்டு மட்டும் வேறன்னு ரெண்டு வரிசை வச்சுத்தான் பேசணும். டெல் அவிவ்ல 2019-ல வந்த ஆய்வுல, தேனீ சத்தத்தைக் கேட்ட ஈவினிங் பிரிம்ரோஸ் பூ மூணே நிமிஷத்துல தேன்ல சர்க்கரையைக் கூட்டுச்சு. கண்ணாடி ஜாடியால மூடின பூ கூட்டல. இதழ்தான் அங்க அதிர்வை வாங்குது. அந்தச் செடி நம்ம மாடிக்கு எடுபடாது, ஆனா விஷயம் உண்மை.

சதீஷ்: காய் பிடிச்சதை எப்படிக் கண்டுபிடிக்கிறது?

பர்வீன் அக்கா: அதிர வச்ச கொத்துல சிவப்பு நூல் கட்டுங்க, விட்ட கொத்துல வெள்ளை. தக்காளிக் காம்புல ஒரு முட்டி இருக்கு பாருங்க, அது மஞ்சளானா பூ உதிரப் போகுது. பச்சையாவே இருந்து, காஞ்ச இதழுக்குள்ள மிளகு அளவு தெரிஞ்சா காய் பிடிச்சாச்சு. யூரியா பக்கம் போகாதீங்க, இலை மட்டும் கொழுத்துப் பூ கொட்டிடும்.

கீதா: கவை 256 ஹெர்ட்ஸா 512 ஹெர்ட்ஸா சார்?

முருகேசன் சார்: 256 எடுங்க. தேனீ பூவுல அதிர்றது சுமாரா 100-லிருந்து 400 ஹெர்ட்ஸுக்குள்ளதான்.

கீதா: சரி சார், ரெண்டு கவை வாங்கிடறேன். ரப்பர் கட்டை யார் வீட்டுலயாவது இருக்கா?

சதீஷ்: பழைய செருப்பு அடி வெட்டித் தர்றேன் அக்கா, அதுவே போதும்.