ஒரே நடிகை, இரண்டு தரப்பு: ‘ஃபயர்ஸ் இன் த மிரர்’ நடுநிலையா, நழுவலா?

மேகலா:

அன்னா டெவர் ஸ்மித்தின் ‘ஃபயர்ஸ் இன் த மிரர்’ நாடகத்தின் தொலைக்காட்சி வடிவத்தை (1993) நேற்று ஒரே மூச்சில் பார்த்தேன். இரவு சரியாகத் தூங்கவில்லை, அதனால்தான் இந்த இழை.

தெரியாதவர்களுக்குச் சுருக்கமாக. 1991 ஆகஸ்ட் 19 மாலை, நியூயார்க் புரூக்ளினில் உள்ள கிரவுன் ஹைட்ஸ். கறுப்பினத்தவரும் லுபாவிச் என்ற மரபு வழுவாத பிரிவைச் சேர்ந்த யூதர்களும் அடுத்தடுத்த வாசலில் குடியிருக்கும் பகுதி. லுபாவிச் தலைவர் ரெபே ஷ்னீர்சனின் வண்டி வரிசையில் பின்னால் வந்த கார் இன்னொரு காரில் மோதி, நடைபாதையில் ஏறி, கேவின் கேட்டோ என்ற 7 வயதுச் சிறுவனைக் கொன்றுவிட்டது. கயானாவிலிருந்து குடியேறிய குடும்பத்துப் பிள்ளை. கூட இருந்த உறவுக்காரச் சிறுமிக்குப் பலத்த காயம். சுமார் மூன்று மணி நேரம் கழித்து, விபத்தோடு எந்தச் சம்பந்தமும் இல்லாத யாங்கல் ரோசன்பாம் என்ற 29 வயது ஆய்வு மாணவரை, ஆஸ்திரேலியாவிலிருந்து வந்திருந்த யூதரை, ஒரு கும்பல் சூழ்ந்துகொண்டது. கத்திக்குத்து. மருத்துவமனையில் இறந்துபோனார். மூன்று நாள் கலவரம்.

ஸ்மித் அந்தப் பகுதிக்குப் போய்ப் பலரைப் பேட்டி எடுத்தார். அவர்கள் பேசியதை, இழுத்தது, திக்கியது உட்பட, அப்படியே மனப்பாடம் செய்து 1992இல் நியூயார்க் பப்ளிக் தியேட்டரில் தனி ஒருவராக நடித்தார். ரப்பி (யூத மதகுரு), பாதிரியார், தெருப் பையன், குடும்பத்தலைவி என்று இருபதுக்கும் மேற்பட்ட ஆட்கள். பேச்சு முழுக்க அவர்களுடையது.

யார் மேல் தப்பு என்று சொல்லாமல் அத்தனை பேருக்கும் காது கொடுத்த நாடகம் இது. இவரை வெறுத்தால்தான் அவருக்காக அழ முடியும் என்ற நம் பழக்கத்தை அது உடைக்கிறது. ஏனென்றால் வெறுக்க வேண்டியவரும் அழ வேண்டியவரும் ஒரே பெண்ணின் உடம்பில்தான் வந்து நிற்கிறார்கள்.

கரிகாலன்:

நானும் பார்த்திருக்கிறேன். நடிப்பைப் பற்றி எனக்கு ஒரு குறையும் இல்லை. ஆனால் “யார் மேல் தப்பு என்று சொல்லாமல்” என்பதை நீங்கள் பாராட்டாகச் சொல்கிறீர்கள், எனக்கு அதுதான் உறுத்துகிறது.

ஒன்று விபத்து. இன்னொன்று, ஆளைப் பார்த்து யூதர் என்று தெரிந்து செய்த கொலை. இரண்டு வீட்டிலும் சாவு விழுந்தது, இரண்டு கண்ணீரும் உண்மை. ஆனால் இரண்டு செயலும் ஒன்றல்ல. தராசின் இரண்டு தட்டில் வைத்ததுமே இரண்டும் சமம் என்று ஒரு எண்ணம் வந்துவிடுகிறது. நாடகத்தின் கடைசிப் பகுதி முழுக்க அப்படித்தான் கட்டப்பட்டிருக்கிறது.

அப்புறம் அந்த ஆம்புலன்ஸ் விஷயம். யூதர்கள் நடத்தும் தன்னார்வ ஆம்புலன்ஸ் முதலில் வந்தது. கார் ஓட்டியவரைக் கூட்டம் அடித்துக்கொண்டிருந்ததால், அவரை ஏற்றிக்கொண்டு போகச் சொன்னது போலீஸ். பிள்ளைகளை நகர நிர்வாகத்தின் ஆம்புலன்ஸ்கள் கொண்டுபோயின. தெருவில் பரவியதோ “கறுப்புப் பிள்ளை சாகக் கிடக்க, யூத ஆம்புலன்ஸ் யூதனை மட்டும் ஏற்றிப் போனது” என்ற பேச்சு. அந்தப் பேச்சுதான் நெருப்பு வைத்தது. நாடகத்தில் ரப்பி ஒரு விதமாகச் சொல்கிறார், பாதிரியார் ஒரு விதமாகச் சொல்கிறார், ஓர் இளைஞன் தன் கண்ணால் பார்த்ததாக மூன்றாவது விதமாகச் சொல்கிறான். மூவருக்கும் ஒரே மேடை, ஒரே வெளிச்சம். எது நடந்தது, எது வதந்தி என்று சொல்ல ஆளில்லை. ‘ஆவண நாடகம்’ என்று பெயர் வைத்துக்கொண்டு ஆவணத்தைச் சரிபார்க்காமல் விட்டால் எப்படி?

பார்க்வே_வாசி:

நான் கிரவுன் ஹைட்ஸின் பெரிய சாலையான ஈஸ்டர்ன் பார்க்வேக்குப் பக்கத்தில் பத்து வருடத்துக்கு மேல் குடியிருக்கிறேன். கலவர காலத்தில் இங்கே இல்லை. ஆனால் தெருவைத் தெரியும் என்பதால் சொல்கிறேன்.

முதலில் ‘கறுப்பினத்தவர், யூதர்’ என்று இரண்டு கட்டியாகப் பேசுவதே இங்கே பொருந்தாது. இந்தப் பகுதிக் கறுப்பினத்தவரில் பெரும்பாலோர் கரீபியக் குடியேறிகள்: கயானா, டிரினிடாட், ஜமைக்கா, ஹைட்டி. செப்டம்பர் முதல் திங்களன்று பார்க்வே முழுக்க அவர்களுடைய கார்னிவல். அதே பார்க்வேயில் 770ஆம் எண் கட்டடம்தான் லுபாவிச் தலைமையகம். மற்றப் பகுதிகளில் வெள்ளையர்கள் வீட்டை விற்றுவிட்டுப் போனபோதும் ரெபே சொன்ன ஒரு வார்த்தைக்காக இங்கேயே நின்றவர்கள் இந்த யூதர்கள். அதாவது போகாதவர்களும் புதிதாக வந்தவர்களும் பக்கத்துப் பக்கத்து வீடு. யூதர்களுக்கு மட்டும் போலீஸ் பாதுகாப்பா என்று கறுப்பினத்தவருக்குக் கோபம், எங்களைத்தானே தினமும் அடிக்கிறார்கள் என்று யூதர்களுக்குப் பயம். இரண்டும் கற்பனை இல்லை.

கரிகாலன், நீங்கள் சொல்லும் மூன்று சாட்சியையும் அடுத்தடுத்து வைத்ததற்குக் காரணம் இருக்கிறது. நாடகம் வந்தபோது அரங்கில் உட்கார்ந்திருந்தவர்கள் நியூயார்க் ஆட்கள். விபத்து நடந்து ஒரு வருடம்கூட ஆகவில்லை. ஆம்புலன்ஸ் கதையின் எல்லா வடிவத்தையும் அவர்கள் பத்திரிகையில் படித்து அலுத்திருப்பார்கள். அவர்கள் கேட்காதது ஒன்றுதான்: அதைச் சொல்பவன் எப்படிச் சொல்கிறான் என்பது.

கரிகாலன்:

அது 1992இன் நியூயார்க்காரருக்கு. இன்று சென்னையிலோ டொரன்டோவிலோ உட்கார்ந்து பார்ப்பவருக்கு? அவருக்குக் கிடைப்பது நாடகம் மட்டும்தானே.

வழக்கு எப்படிப் போனது என்றும் பாருங்கள். கார் ஓட்டியவர் மேல் கிராண்ட் ஜூரி, அதாவது வழக்குத் தொடரலாமா என்று முடிவு செய்யும் குடிமக்கள் குழு, குற்றம் சாட்டவில்லை. கத்திக்குத்து வழக்கில் பிடிபட்ட 16 வயதுப் பையனை 1992இல் மாநில நீதிமன்றம் விடுவித்தது. 1997இல் கூட்டரசு நீதிமன்றத்தில், ரோசன்பாமின் சிவில் உரிமையை மீறிய குற்றத்துக்காகத் தண்டனை. மேல்முறையீட்டில் அது ரத்தானது. 2003இல் மறுவிசாரணை நடந்தபோதுதான் குத்தியது தன் கட்சிக்காரர்தான் என்று அவன் தரப்பு வழக்கறிஞரே ஒப்புக்கொண்டார். பன்னிரண்டு வருடம். அந்தக் குடும்பத்துக்குத் தெளிவாக ஒரு சொல் தேவைப்பட்ட நேரத்தில், அறிவுஜீவிகள் “எல்லாக் குரலும் கேட்கட்டும்” என்றார்கள்.

நிலவன்:

நீதிமன்றமே பன்னிரண்டு வருடம் தடுமாறியதை எட்டு மாதத்தில் ஒரு நாடகக்காரி தீர்த்திருக்க வேண்டும் என்கிறீர்களா?

செல்வி (அரங்கு):

நான் இருபது வருடமாக மேடையில் இருக்கிறேன். இந்த முறையை ஒரு பட்டறையில் செய்தும் பார்த்திருக்கிறேன். அதனால் கொஞ்சம் நீளமாகவே எழுதுகிறேன்.

எங்களுக்குக் கொடுத்த பயிற்சி: உங்களுக்குப் பிடிக்காத ஒருவரை அரை மணி நேரம் பேசவிட்டுப் பதிவு செய்யுங்கள், அதில் இரண்டு நிமிடத்தை அச்சு அசலாகப் பேசிக் காட்டுங்கள். நான் எங்கள் குடும்பத்தில் ஒருவரைப் பதிவு செய்தேன். யார் வீட்டில் யார் தண்ணீர் குடிக்கலாம் என்று பேசுகிறவர். காதில் ஹெட்போனை மாட்டிக்கொண்டு, ஒரே வரியை ஐம்பது அறுபது தடவை கேட்டேன். முதலில் அந்தச் சொற்கள் எரிச்சலைக் கிளப்பின. மூன்றாம் நாள்தான் ஒன்று காதில் விழுந்தது. அந்த மோசமான வாக்கியத்துக்கு முன்னால் ஒவ்வொரு தடவையும் அவர் எச்சில் விழுங்குகிறார். ஒரு தடவைகூடத் தப்பவில்லை. அந்த இடத்தில் நானும் விழுங்கினால்தான் வாக்கியம் சரியாக வந்தது. அவர் சொன்னதை நான் இன்றும் ஏற்கவில்லை. ஆனால் அவர் எங்கே பயப்படுகிறார் என்று என் தொண்டைக்குத் தெரிந்துவிட்டது.

ஒரு சொல்லைத் திரும்பத் திரும்பச் சொன்னால் அது நீயாகவே ஆகிவிடும் என்று தன் தாத்தா சொல்வார் என்கிறார் ஸ்மித். அவருடைய முறை முழுக்க அதில் அடக்கம். அச்சுப் பிரதியைப் பார்த்தால் தெரியும், பேச்சைக் கவிதை மாதிரி உடைத்து உடைத்துப் போட்டிருப்பார். மூச்சு எங்கே நிற்கிறதோ அங்கே வரி முடியும்.

இதைச் செய்து பார்க்காதவர்கள் “வெறும் பேட்டிதானே” என்பார்கள். அடுத்து அவர் லாஸ் ஏஞ்சலஸ் கலவரம் பற்றிச் செய்த நாடகத்தைப் புலிட்சர் பரிசுக்குக் கருதாமல் விட்டதற்குச் சொன்ன காரணமும் அதுதான்: மொழி கற்பனையில் உருவானதல்ல, பேட்டியில் எடுத்தது. எனக்கு அது இன்றும் ஆறவில்லை.

கரிகாலன்:

செல்வி அக்கா, நீங்கள் சொன்ன எச்சில் விழுங்கும் இடத்தைப் படித்துவிட்டுக் கொஞ்ச நேரம் சும்மா இருந்தேன். அது உண்மையான விஷயம். ஆனால் அதுவே என் வாதத்துக்கும் உதவுகிறது. அரை மணி நேரப் பேச்சில் அந்த இரண்டு நிமிடத்தைத் தேர்ந்தெடுத்தது யார்? நீங்கள். அப்படியானால் ஸ்மித் வெறும் காது இல்லை, ஆசிரியர். ஆசிரியருக்குப் பொறுப்பு உண்டு. “நான் எழுதவில்லை, அவர்கள் சொன்னார்கள்” என்று ஒதுங்க முடியாது.

மேகலா:

ஒதுங்கவில்லையே. அவர் பேசுவது வரிசையால். ஒரு இடத்தை மட்டும் காட்டுகிறேன்.

யூத சமூக அமைப்பைச் சேர்ந்த ஒருவர், அந்தச் சிறுவனின் இறுதிச் சடங்கிலேயே யூத வெறுப்பு பேசப்பட்டதையும், தெருவில் “ஹெய்ல் ஹிட்லர்” கோஷம் எழுந்ததையும் சொல்கிறார். கேட்கும்போது குலை நடுங்குகிறது. அதற்கு வெகுநேரம் கழித்து, அந்தப் பகுதிக் கறுப்பின இளைஞர்களோடு வேலை செய்யும் ரிச்சர்ட் கிரீன் பேசுகிறார். கத்தின பையன்களுக்கு ஹிட்லர் யார் என்றே தெரியாது, தங்கள் சொந்தத் தலைவர்களையே தெரியாத பிள்ளைகள் என்கிறார். இந்த இரண்டாவது பேச்சு முதலாவதை அழிக்கிறதா? எனக்கு இல்லை. அந்தக் கோஷத்தைக் கேட்ட காதுக்கு அது கொலை முழக்கம்தான். ஆனால் அதைக் கத்திய வாய்க்குள் என்ன இருந்தது, என்ன இல்லை என்பதையும் இப்போது நான் தெரிந்துகொண்டேன். ஒரு தொகுப்புரை வைத்திருந்தால் இரண்டில் ஒன்று செத்திருக்கும்.

அப்புறம் ரோஸ்லின் மாலமுட் என்ற யூதக் குடும்பத்தலைவி. கலவரம் செய்தவர்கள் என் அக்கம்பக்கத்தார் இல்லை, அவர்களும் என்னைப் போலவே நல்ல வீடு, வேலை, பிள்ளைகளின் படிப்பு என்று கேட்பவர்கள்தான் என்று அடித்துச் சொல்கிறார். சொல்லிக்கொண்டே, கறுப்பின அண்டைவீட்டாரைத் தனக்குத் தெரியாது என்றும் ஒப்புக்கொள்கிறார். இத்தனை வருடம் பக்கத்தில்! அந்த ஒரு வாக்குமூலத்துக்கு மேல் என்ன தீர்ப்பு வேண்டும்?

பார்க்வே_வாசி:

மேகலா சொன்னதோடு ஒன்று. நாடகம் கலவரத்தில் தொடங்குவதில்லை, அதை மறந்துவிட்டு விவாதிக்கிறோம். தொடக்கத்தில் ஒரு லுபாவிச் பெண் பேசுவார். சபாத் என்ற யூதர்களின் வாராந்தர ஓய்வு நாள், மின்பொருள் எதையும் தொடக் கூடாது. குழந்தை ரேடியோவைத் திருகிவிட்டது, வீடே அதிர்கிறது. வெளியே போய் ஒரு கறுப்பினச் சிறுவனைக் கூட்டிவந்து அணைக்கச் சொல்கிறார், அதுவும் நேராகக் கேட்காமல் சுற்றி வளைத்து. அவன் அணைத்துவிட்டுப் போகிறான். இத்தனை பெரியவர்களுக்கு ரேடியோ அணைக்கத் தெரியவில்லையே என்று அவன் நினைத்திருப்பான் என்று அவரே சிரிக்கிறார்.

அந்தச் சிறுவன் வாசல் தாண்டி உள்ளே வந்து ஒரு பொத்தானைத் தொட்டுவிட்டுத் திரும்பிப் போகும் அந்த அரை நிமிடம்தான் எனக்கு முழு கிரவுன் ஹைட்ஸும். பகை இல்லை. ஆனால் அவனுக்கு இவர்களுடைய சட்டம் புரியாது, இவர்களுக்கு அவன் பெயர் தெரியாது.

நிலவன்:

2019இல் சிக்னேச்சர் தியேட்டரில் மைக்கேல் பெஞ்சமின் வாஷிங்டன் என்ற நடிகர் இதே நாடகத்தை மறுபடி செய்தாரே. பேட்டி எடுத்தவரும் இல்லை, நேரில் கேட்டவரும் இல்லை. அப்போது இது சாட்சியமா, வெறும் வசனமா?

செல்வி (அரங்கு):

நல்ல கேள்வி. வசனம் ஆகிவிட்டது என்றுதான் சொல்வேன். அதில் தப்பில்லை. ஆனால் அந்த நடிகர் ஸ்மித் கேட்ட குரலைக் கேட்கவில்லை, ஸ்மித் கேட்டதன் எழுத்தைக் கேட்கிறார். வரி முறிவுகள்தான் மிச்சம்.

கரிகாலன்:

சரி, வரிசைக்கே வருகிறேன். கடைசிப் பேச்சு யாருக்கு? இறந்த சிறுவனின் தந்தை கார்மெல் கேட்டோவுக்கு. அவருடைய துக்கத்துக்கு முன் நான் தலை குனிகிறேன். ஆனால் அந்தப் பேச்சுக்குள்ளேயே, யூதர்கள் ரொம்ப மேலே இருப்பவர்கள், நீதிபதியிலிருந்து கீழே வரை எல்லாம் அவர்கள் கையில்தான் என்ற கருத்து வருகிறது. உலகத்தின் மிகப் பழைய யூத வெறுப்புப் பேச்சு அது. அதற்குப் பிறகு யாரும் பேசுவதில்லை. திரை.

மேகலா:

பிள்ளையைப் பறிகொடுத்தவர் வாயிலிருந்து அந்த வரியை வெட்டியிருக்க வேண்டுமா? வெட்டியிருந்தால் நமக்கு ஒரு தூய்மையான தந்தை கிடைத்திருப்பார், உண்மையான தந்தை கிடைத்திருக்க மாட்டார். துக்கம் எந்த இடத்தில் வெறுப்பின் கையைப் பிடித்துக்கொள்கிறது என்பதை நான் அங்கேதான் பார்த்தேன்.

கரிகாலன்:

வெட்டச் சொல்லவில்லை, மேகலா. முன்னால் வைத்திருக்கலாம் என்கிறேன். அவர் பேசட்டும், அதன் பிறகு ரோசன்பாமின் சகோதரர் பேசட்டும்.

செல்வி (அரங்கு):

தந்தையின் பேச்சு அந்த வரியில் முடியவில்லை, தம்பி. கால் முதலில் வந்து பிறந்தவன் நான் என்கிறார். அப்படி வரும் குழந்தை பிழைக்காது, இல்லையென்றால் தாயைக் கீற வேண்டும், நான் பிழைத்தேன், என்னை யாரும் அமுக்க முடியாது என்கிறார். நாடகம் முடிவது அங்கே. அதில் யூதரும் இல்லை, போலீசும் இல்லை. தோற்றுப்போன ஒரு மனிதர் தன் பிறப்பு வரை பின்னோக்கிப் போய் ஒரு பலத்தைத் தேடி எடுக்கிறார். அதற்குப் பிறகு இன்னொருவரைப் பேசவிட்டால் அந்த இடம் என்ன ஆகும் என்று எனக்குத் தெரியவில்லை.

அதனால் செய்தே பார்ப்போம். பிரதி என்னிடம் இருக்கிறது. ஞாயிறு மாலை இணையவழியில் கூடுவோம். கடைசி ஐந்து பேச்சை முதலில் இருக்கிற வரிசையில் வாசிப்போம், பிறகு கரிகாலன் சொல்லும் வரிசையில். தந்தையை நான் வாசிக்கிறேன். சகோதரரை நீங்கள் வாசியுங்கள், கரிகாலன்.

கரிகாலன்:

வாசிக்கிறேன் அக்கா. அவருக்கு இரண்டு பேச்சு இருக்கிறது. கூட்டத்தில் முழங்குவது வேண்டாம். மெல்போர்னில் இருந்தபோது அந்தச் செய்தி வந்ததைச் சொல்வாரே, அதை எடுத்துக்கொள்கிறேன். பிரதியை முன்னாலேயே அனுப்புங்கள், ஒரு வாரமாவது எனக்கு வேண்டும்.