சாயப்பட்டறைக்கும் நூல் ஆலைக்கும் சேர்த்து நான் எப்படி உறுதிமொழி கொடுப்பது?

கேள்வி: பின்னலாடைக்காரர், திருப்பூர்

அனைவருக்கும் வணக்கம். திருப்பூரில் 60 தையல் இயந்திரங்களுடன் பின்னலாடை ஏற்றுமதி நிறுவனம் நடத்தி வருகிறேன். கட்டிங், தையல், செக்கிங், பேக்கிங் ஆகியவை மட்டுமே என் கட்டடத்தில் நடக்கின்றன. நூலை ஆலையில் வாங்கி, நிட்டிங்கை ஒருவரிடமும் சாயத்தை இன்னொருவரிடமும், காம்பாக்டிங், பிரிண்டிங் போன்றவற்றை வேறு சிலரிடமும் ஜாப் ஒர்க்காகக் கொடுத்து வாங்குகிறேன். இந்த ஊரில் பெரும்பாலான சிறு நிறுவனங்கள் இப்படித்தான் இயங்குகின்றன.

ஒன்பது ஆண்டுகளாக எங்களுக்கு ஆர்டர் தரும் ஜெர்மன் பையர் சென்ற மாதம் புதிய சப்ளையர் ஒப்பந்தம் ஒன்றை அனுப்பியிருக்கிறார். பருத்தி தொடங்கிப் பெட்டியில் அடைக்கும் வரை, ஆடை கடந்து வரும் எந்த இடத்திலும் சுற்றுச்சூழல் விதியோ தொழிலாளர் விதியோ மீறப்படவில்லை என்று நான் உறுதியளிக்க வேண்டும் என்றும், மீறல் தெரியவந்தால் இழப்பு முழுவதையும் நானே ஏற்க வேண்டும் என்றும் அதில் எழுதியிருக்கிறது. விலை மட்டும் இரண்டு ஆண்டுகளுக்கு முன்பு பேசிய அதே விலைதான்.

தப்பிக்க வழி கேட்டு இதை எழுதவில்லை. 2011 ஜனவரியில் உயர் நீதிமன்ற உத்தரவால் சாயப்பட்டறைகள் மூடப்பட்டபோது, எங்கள் குடோனில் சாயம் போடாத கிரே துணி ரோல் ரோலாகத் தேங்கிக் கிடந்ததையும், அதைச் சாயம் போட வெளி மாவட்டங்களுக்கு லாரி ஏற்றிவிட்டு என் தந்தை இரவெல்லாம் விழித்திருந்ததையும் பார்த்தவன் நான். நமக்குக் கீழே இருக்கும் பட்டறை எப்படி நடக்கிறது என்பது நம் தொழிலின் உயிர் என்று அப்போதே புரிந்துவிட்டது. நான் கேட்பது இரண்டு: இந்த ஒப்பந்தத்தில் அப்படியே கையெழுத்திடலாமா? சான்றிதழ் நகலை வாங்கி ஃபைலில் போடுவதைத் தாண்டி, ஜாப் ஒர்க் பட்டறைகளின் உண்மை நிலையை நான் எப்படித் தெரிந்துகொள்வது?

பதில் 1: கழிவுநீர்ப் பொறியாளர்

இரண்டாவது கேள்விக்கு என்னால் பதில் சொல்ல முடியும். பல சாயப்பட்டறைகளின் கழிவுநீரைச் சேர்த்துச் சுத்தம் செய்யும் பொது சுத்திகரிப்பு நிலையங்களில் பல ஆண்டுகள் வேலை பார்த்தவன் என்ற முறையில் சாயப்பட்டறையைப் பற்றி மட்டும் எழுதுகிறேன்.

பருத்தித் துணியில் ரியாக்டிவ் சாயம் ஏறுவதற்குக் கிளாபர் உப்போ (சோடியம் சல்பேட்) சாதாரண உப்போ வேண்டும். கறுப்பு, கருநீலம் போன்ற அடர் நிறங்களுக்குச் சாயத் தொட்டியில் லிட்டருக்கு 80 கிராம் வரைகூடப் போடுகிறார்கள். சாயம் ஏற உதவிவிட்டு அந்த உப்பு துணியில் தங்காமல், ஏறக்குறைய முழுவதும் நீரோடு வெளியேறிவிடுகிறது. நிறத்தை நீக்குவது ஒப்பீட்டளவில் எளிது; உப்பை நீக்குவதுதான் செலவு பிடிக்கும் வேலை. தொடக்கத்தில் கட்டப்பட்ட நிலையங்கள் நிறத்தை நீக்கிவிட்டு உப்பை அப்படியே நொய்யல் ஆற்றில் விட்டன என்பதால்தான், ஒரு சொட்டுக் கழிவுநீரும் வெளியேறக் கூடாது என்று 2006இல் நீதிமன்றம் சொல்ல வேண்டியதாயிற்று. இன்று உயிரியல் சுத்திகரிப்பு, ஆர்ஓ என்ற சவ்வு வடிகட்டி, ஆவியாக்கி என்று வரிசையாகக் கடந்து, நீரில் பெரும்பகுதி மீண்டும் பட்டறைக்கே திரும்புகிறது. பழையபடி ஆற்றில் விடுவதோடு ஒப்பிட்டால் இந்தச் செலவு மிகப் பெரியது. அதனால்தான் குறுக்கு வழியின் ஆசை இன்னும் சிலரை விடவில்லை.

உங்கள் சாயப்பட்டறைக்காரரிடம் மூன்று மாதங்களுக்கு உரிய லாட் கார்டுகளையும் (ஒவ்வொரு தொகுதித் துணிக்கும் சாயம் போட்ட விவரம் எழுதிய அட்டைகள்), சுத்திகரிப்பு நிலையம் அவருக்கு அனுப்பிய மாத ரசீதுகளையும் ஒன்றாகக் கேளுங்கள். நிலையத்துக்குப் போகும் கழிவுநீரை மீட்டர் வைத்து அளந்துதான் கட்டணம் போடுகிறார்கள். சாஃப்ட் ஃப்ளோ இயந்திரத்தில் ஒரு கிலோ துணிக்கு, நிறத்தையும் கழுவும் முறையையும் பொறுத்து, 40 முதல் 80 லிட்டர் வரை நீர் செலவாவதை என் அனுபவத்தில் கண்டிருக்கிறேன். 50 லிட்டர் என்றே வைத்துக்கொள்வோம். ஒரு மாதத்தில் 100 டன் சாயம் போட்டவர் 50 லட்சம் லிட்டர் அளவில் கழிவுநீர் அனுப்பியிருக்க வேண்டும். ரசீதில் 20 லட்சம்தான் இருக்கிறது என்றால், மீதி எங்கே போனது என்று கேட்கும் உரிமை உங்களுக்கு இருக்கிறது. சான்றிதழைக் காசு கொடுத்து வாங்கிவிட முடியும். லாட் கார்டு, மீட்டர் ரசீது, உப்பு வாங்கிய பில் மூன்றையும் ஒன்றுக்கொன்று பொருந்தும்படி மாதாமாதம் பொய்யாகத் தயாரிப்பது கடினம்.

ஊரில் நடக்கும் கூலியைவிட மிகக் குறைவாகச் சாயம் போட்டுத் தருகிறேன் என்று யாராவது வந்தால், முதலில் அவருடைய ரசீதைப் பாருங்கள். பலத்த மழை பெய்யும் இரவில் ஒருமுறை அந்தப் பட்டறையின் பின்பக்க ஓடையையும் நேரில் போய்ப் பாருங்கள்.

பதில் 2: சென்னிமலைப் பக்கத்து விவசாயி

ஐயா, நாங்கள் ஆற்றின் கீழ்ப்பக்கம் இருப்பவர்கள். பாசனத்துக்கென்று கட்டிய ஒரத்துப்பாளையம் அணையில் தண்ணீரைத் தேக்கவே வேண்டாம் என்று விவசாயிகளே கேட்கும்படி ஆனது எங்கள் காலத்தில்தான். ஆயக்கட்டு விவசாயிகள் சங்கமாகச் சேர்ந்து வழக்காடியதால் வந்ததுதான் மேலே நண்பர் சொன்ன 2006 தீர்ப்பு. எங்கள் கிணற்றுத் தண்ணீரில் பருப்பு வேகாது. இளநீரை வெட்டிக் குடித்தால் உப்புக் கரிக்கும். வெளியூரிலிருந்து வந்த மருமகள் முதல் நாள் சோறு வடித்துவிட்டு, பானையின் உட்புறம் படிந்த வெள்ளைப் படிவத்தைச் சுரண்டிக்கொண்டு நின்றது இன்றும் என் கண்ணில் நிற்கிறது.

உங்களிடம் ஒன்று கேட்டுக்கொள்கிறேன். பட்டறையைப் பார்க்கப் போகும்போது, நீரில் கரைந்திருக்கும் உப்பின் அளவைக் காட்டும், கைக்கு அடக்கமான டிடிஎஸ் மீட்டர் ஒன்றைக் கொண்டுபோய், பக்கத்துத் தோட்டத்துக் கிணற்றிலும் ஒரு குவளை தண்ணீர் எடுத்து அளந்து, தேதியோடு எழுதி வையுங்கள். ஆறு மாதம் கழித்து அதே கிணற்றில் மறுபடியும் அளந்து பாருங்கள்.

பதில் 3: பையிங் ஆபீஸ் ஊழியர்

ஒப்பந்தத்தைப் பற்றிச் சொல்கிறேன். இப்போது இருக்கும் வடிவில் கையெழுத்திடாதீர்கள்.

ஜெர்மனியின் விநியோகச் சங்கிலிச் சட்டம் 2023 ஜனவரி முதல் 3,000க்கு மேற்பட்ட பணியாளர்கள் உள்ள நிறுவனங்களுக்கும், 2024 முதல் 1,000க்கு மேற்பட்டோர் உள்ளவற்றுக்கும் பொருந்துகிறது. எந்த மீறலும் நடக்காது என்று உத்தரவாதம் தரும்படி அந்தச் சட்டம் பையரிடமே கேட்கவில்லை. ஆபத்துகளைக் கண்டறிந்து தடுக்கத் தகுந்த முயற்சி எடுத்தாயா என்றுதான் கேட்கிறது. அவருக்கே இல்லாத உத்தரவாதக் கடமையை உங்கள் தலையில் சுமத்துவது முறையில்லை. கடமைகளை அப்படியே சப்ளையர்மீது தள்ளிவிட முடியாது என்று, சட்டத்தைக் கண்காணிக்கும் பாஃபா என்ற அரசு அலுவலகமும் தன் வழிகாட்டுதலில் தெளிவாக்கியிருக்கிறது. பையர் தம்முடைய கொள்முதல் நடைமுறையையும் சரிசெய்ய வேண்டும் என்பது அந்தச் சட்டத்திலேயே இருக்கிறது. ஆகவே, "மீறல் இல்லை என உறுதியளிக்கிறேன்" என்ற வரிக்குப் பதிலாக, "இன்னின்ன பட்டறைகளை இன்ன முறையில் சரிபார்க்கிறேன், குறை கண்டால் தெரிவித்து இருவரும் சேர்ந்து சரிசெய்வோம்" என்ற வரியைக் கேளுங்கள்.

சான்றிதழை மட்டும் நம்புவதன் விலை என்ன என்பதற்குத் தொலைவில் தேட வேண்டாம். 2012 செப்டம்பரில் கராச்சியில் தீப்பற்றி 250க்கும் மேற்பட்ட தொழிலாளர்கள் இறந்த ஆடை ஆலைக்கு, அதற்குச் சில வாரங்களுக்கு முன்புதான் எஸ்ஏ 8000 என்ற தொழிலாளர் நலத் தரச் சான்று வழங்கப்பட்டிருந்தது.

இத்துடன் இன்னொன்றையும் செய்யுங்கள். லேப் டிப் (சாயம் போட்ட மாதிரித் துணி) அனுப்பிய தேதி, ஷேடு (நிற) ஒப்புதல் வந்த தேதி, ஷிப்மென்ட் தேதி ஆகியவற்றை ஒவ்வொரு ஆர்டருக்கும் எழுதி வையுங்கள். ஒப்புதல் பத்து நாள் தள்ளிப்போய், ஷிப்மென்ட் தேதி மட்டும் மாறாமல் இருந்தால், அந்தப் பத்து நாளைச் சாயப்பட்டறையோ பவர் டேபிள் எனும் தையல் பிரிவோதான் எங்கிருந்தாவது ஈடுகட்ட வேண்டியிருக்கிறது. நான் பையர் பக்கம் உட்கார்ந்து வேலை செய்தவள்; அந்தத் தாமதங்களில் பாதி எங்கள் மேசையிலேயே நடந்தவை.

பதில் 4: முன்னாள் ஆலைத் தொழிலாளி, திண்டுக்கல்

அண்ணா, எல்லோரும் தண்ணீரைப் பற்றி எழுதிவிட்டீர்கள். நூல் வரும் இடத்தையும் பாருங்கள். மூன்று ஆண்டு முடிந்தால் மொத்தமாகப் பணம் என்ற சுமங்கலித் திட்டத்தில் நூற்பாலை ஒன்றில் வேலை பார்த்தேன். என் அறைத்தோழி காய்ச்சல் விடாததால் கெடு முடிய இரண்டு மாதம் இருக்கும்போது வீட்டுக்குப் போனாள். அந்தத் தொகை அவளுக்குக் கிடைக்கவே இல்லை. ஆடிட் வரும் நாட்களில் என்ன சொல்ல வேண்டும் என்று முதல் நாள் இரவே விடுதியில் சொல்லிக் கொடுத்துவிடுவார்கள்.

ஆகவே மேலாளர் அறையில் உட்கார்ந்து கேட்காதீர்கள். விடுதிப் பெண்கள் ஞாயிற்றுக்கிழமை தனியாகக் கடைக்குப் போக முடிகிறதா, போன் கையில் இருக்கிறதா, 2013 சட்டப்படி இருக்க வேண்டிய பாலியல் புகார் குழுவில் யார் யார் என்று அவர்களுக்குத் தெரிகிறதா என்று பாருங்கள். எங்கள் மாவட்டத்தில் 2022இல் பெண்கள் தலைமையிலான தொழிற்சங்கமும், ஏற்றுமதி நிறுவனம் ஒன்றும், ஹெச் அண்ட் எம், கேப், பிவிஹெச் ஆகிய பிராண்டுகளும் தொடர்புள்ள திண்டுக்கல் ஒப்பந்தம் கையெழுத்தானது. தொழிலாளர்களே பயிற்சி பெற்றுத் தங்கள் தளத்தைக் கண்காணிக்க அதில் ஏற்பாடு செய்யப்பட்டது. வெளியிலிருந்து ஒரு நாள் வந்து போகும் ஆடிட்டருக்குத் தெரியாதது, பக்கத்து இயந்திரத்தில் நிற்பவளுக்குத் தெரியும்.

கேள்வி கேட்டவரின் பதில்

எல்லோருக்கும் நன்றி. ஒப்பந்தத்தில் அந்த வரியை மாற்றும்படி பையருக்கு எழுதியிருக்கிறேன். பதில் இன்னும் வரவில்லை. அடுத்த வாரம் நூல் ஆலைக்குப் போகும்போது என் மனைவியும் உடன் வந்து விடுதிப் பெண்களிடம் பேசுவதாகச் சொல்லியிருக்கிறார்.

நேற்று சாயப்பட்டறைக்குப் போய் ரசீதுகளைக் கேட்டேன். உரிமையாளர் முதலில் முகம் சுளித்தாலும் பிறகு எடுத்துத் தந்தார். இரண்டு மாதங்கள் கணக்கு ஓரளவு பொருந்தின. மூன்றாவது மாதத்தில் சுமார் 2 லட்சம் லிட்டர் குறைந்தது. வெகுநேரம் பேசிய பிறகு, அவசரமாக வந்த 4 டன் லாட் ஒன்றைத் தன் இயந்திரங்களில் போட முடியாமல், எனக்குச் சொல்லாமலேயே வேறொரு சிறு பட்டறைக்கு அனுப்பியதாக ஒப்புக்கொண்டார். லாட் எண்ணை வாங்கி வந்து என் பதிவேட்டில் பார்த்தேன். ஷேடு ஒப்புதல் ஒன்பது நாள் தாமதமாக வந்தும் ஷிப்மென்ட் தேதி மாறாத அதே கருநீல ஆர்டர் அது. இரவு பகலாக முடித்துக் கொடுங்கள் என்று அவரை நெருக்கியவன் நான்தான்.

அந்தச் சிறு பட்டறையின் முகவரியைக் கொடுத்திருக்கிறார். நாளைக் காலை டிடிஎஸ் மீட்டரோடு அங்கே போகிறேன்.