சீரியலைக் கெடுத்தது அம்மாக்களா?

கரிகாலன்78: சீரியல்கள் இவ்வளவு மோசமானதற்கு அம்மாக்கள்தான் காரணம். 1999-ல் 'சித்தி' வந்ததிலிருந்து அழுகையும் சாபமும் வேண்டும் என்று உட்கார்ந்தார்கள், சேனல்காரனும் அதையே கொடுத்தான். ஆண்கள் யாரும் பார்த்ததில்லை.

செல்லூர் மீனா: ஆண்கள் யாரும் பார்த்ததில்லையா? 'மெட்டி ஒலி' ஓடியபோது எங்கள் தெருவில் அப்பாக்கள் கடையைச் சாத்திவிட்டு வந்து சாப்பாட்டுத் தட்டோடு டிவி முன்னால்தான் இருந்தார்கள். ஐந்து பெண்களைக் கரையேற்றப் பாடுபடும் ஒரு அப்பாவின் கதை சார் அது. அந்த அப்பா சிதம்பரம் கலங்கினால் என் அப்பாவும் துண்டால் முகத்தைத் துடைப்பார். அம்மா அடுப்படியில் தோசை ஊற்றிக்கொண்டே வசனத்தைக் காதால் கேட்பார், அவ்வளவுதான். கெடுத்தது மட்டும் அம்மாவா?

கரிகாலன்78: உங்கள் வீட்டுக் கதை எதற்கு? நான் டிஆர்பி பற்றிப் பேசுகிறேன்.

செல்லூர் மீனா: டிஆர்பியே பேசுவோம். யார் என்ன பார்க்கிறார்கள் என்று கணக்கெடுக்க மீட்டர் வைத்த வீட்டில் ஆளுக்கொரு பொத்தான் உண்டு, டிவி முன்னால் உட்காருபவர் தன் பொத்தானை அழுத்த வேண்டும். தோசைக் கரண்டியோடு நிற்கிற அம்மா எங்கே வந்து அழுத்துவது? அப்பாக்கள் பார்த்தார்களா இல்லையா, அதைச் சொல்லுங்கள்.

பழைய ஆண்டெனா: இரண்டு பேரும் 'கோலங்கள்' பக்கமே போகவில்லையே. அபி மாதிரி சொந்தத் தொழில் நடத்தும் பெண்ணை ஆறு வருஷம் தூக்கி நிறுத்தியது அம்மாக்கள்தான். அதை இயக்கிய அதே திருச்செல்வம்தான் பிறகு 'எதிர்நீச்சல்' எடுத்தார். அதில் வரும் ஆதி குணசேகரனின் "ஏய், இந்தாம்மா"வை மீம் போட்டுப் பரப்பியது பசங்கள்.

கரிகாலன்78: மீம் போட்டால் சீரியல் பார்த்ததாக ஆகாது. போன மாதம் பிக்பாஸ் விஷயத்திலும் மீனா இப்படித்தான் குறுக்கே புகுந்து பேச்சை மாற்றினார்.

செல்லூர் மீனா: பிக்பாஸில் நீங்கள் பதில் சொல்லாமல் ஓடியதை எல்லோரும் பார்த்தார்கள். இங்கேயும் ஓட வேண்டாம். நாள் முழுக்க வேலை செய்த பெண் அரை மணி நேரம் உட்கார்ந்தால் ரசனை கெட்டுவிட்டதாம், அப்பா மூன்று மணி நேரம் கிரிக்கெட் பார்த்தால் அது விளையாட்டு ஆர்வமாம். அம்மா கதையை ஏசி ஏசித்தான் பார்ப்பார். 'மெட்டி ஒலி'யில் வரும் மாமியார் ராஜத்தைத் திட்டாத நாள் கிடையாது, தன் மாமியாரிடம் சொல்ல முடியாததை எல்லாம் அவளிடம் கொட்டினார். அதைப் போய் அழுகைக்கு அலைகிறார்கள் என்கிறீர்கள். கேட்டதற்குப் பதில் சொல்லுங்கள் சார், அப்பாக்கள் பார்த்தார்களா இல்லையா?

கரிகாலன்78: ஏதோ ஒன்றிரண்டு பேர் பார்த்திருக்கலாம். அதை வைத்து ஆண்கள் பார்த்தார்கள் என்று சொல்ல முடியாது.

பழைய ஆண்டெனா: 'மெட்டி ஒலி'யைவிட 'கோலங்கள்' மேல் என்பதை யாராவது ஒப்புக்கொள்வீர்களா?

செல்லூர் மீனா: 1500 பாகத்துக்கு மேல் இழுத்ததையா? நடக்காது. கரிகாலன் சார், அந்த ஒன்றிரண்டில் உங்கள் அப்பா உண்டா?