போலீஸ் காவலில் இருந்த வண்டி பாழானால் யார் பணம் கொடுப்பது?

மேலூர்_பாண்டி
எங்கள் சித்தப்பா மேலூர் பக்கம் வீடு வீடாகப் பால் ஊற்றுகிறவர். திருட்டுப்போன அவருடைய எக்ஸெல் வண்டி கிடைத்துவிட்டது என்று ஸ்டேஷனில் இருந்து தகவல் வந்தது. கோர்ட்டில் மனுப் போட்டு, வாய்தாவுக்கு அலைந்து, ஆர்டரோடு போய்ப் பார்த்தால் ஸ்டேஷனுக்குப் பின்னால் வேலிப்பருத்தி படர்ந்து கிடக்கிறது. கார்புரேட்டரைக் காணோம். சீட்டை எலி குதறியிருக்கிறது. முன்சக்கர ரிம்மைத் தொட்டால் துரு உதிர்கிறது. "கையெழுத்துப் போட்டுட்டு எடுத்துட்டுப் போங்க" என்கிறார் ரைட்டர். சித்தப்பா போடாமல் திரும்பிவிட்டார். அரசாங்கத்தின் காவலில் இருந்த பொருள் இது. நஷ்டத்தை அரசாங்கம்தானே கொடுக்க வேண்டும்?

ஓய்வுபெற்ற_எஸ்எஸ்ஐ
தம்பி, உங்கள் சித்தப்பாவின் கஷ்டம் புரிகிறது. ஆனால் வண்டியைத் திருடியவன் வேறு ஒருவன். அலைந்து மீட்டது போலீஸ். ஸ்டேஷன் காம்பவுண்டில் கூரை கிடையாது, பிடிபட்ட வண்டிகளைப் பராமரிக்க நிதி கிடையாது. கோர்ட் ஆர்டர் வரும்வரை அதை நாங்கள் அசைக்கவும் முடியாது. மழையில் கிடந்தால் துருப்பிடிக்கத்தான் செய்யும். சட்டமும் போலீஸ் பக்கம்தான். குற்றவாளியைப் பிடிப்பதும் பொருளைக் கைப்பற்றுவதும் அரசின் இறையாண்மைப் பணி, அதாவது அரசு மட்டுமே செய்யக்கூடிய பணி, அதில் நேர்ந்த தவறுக்கு அரசு மீது நஷ்டஈடு வழக்குப் போட முடியாது என்று கஸ்தூரிலால் வழக்கில் உச்ச நீதிமன்றமே சொல்லியிருக்கிறது.

ஒத்தக்கடை_வக்கீல்
ஐயா, அந்த வழக்கை முழுசாகச் சொல்ல வேண்டும். 1947-ல் மீரட்டில் ஒரு நகை வியாபாரியைச் சந்தேகத்தில் பிடித்து, அவரிடம் இருந்த நூறு தோலாவுக்கு மேற்பட்ட தங்கத்தையும் வெள்ளியையும் கைப்பற்றினார்கள். வெள்ளி திரும்பி வந்தது. தங்கத்தைக் காவலில் வைத்திருந்த ஹெட் கான்ஸ்டபிளே எடுத்துக்கொண்டு பாகிஸ்தானுக்கு ஓடிவிட்டார். போலீஸ் அசட்டையாக இருந்தது என்று ஒப்புக்கொண்டுதான், பணி இறையாண்மைப் பணி என்பதால் அரசு பொறுப்பில்லை என்றார்கள். அந்தத் தீர்ப்பை எழுதிய தலைமை நீதிபதி கஜேந்திரகட்கரே, சட்டம் இப்படி இருப்பது திருப்தியாக இல்லை, சட்டம் இயற்றும் அவைகள் புதுச் சட்டம் இயற்றுவதைப் பற்றி யோசிக்க வேண்டும் என்று அதிலேயே சொல்லியிருக்கிறார். 1956-லேயே சட்ட ஆணையம் தன் முதல் அறிக்கையில் கேட்டதும் அதைத்தான். மசோதா வந்து காலாவதியானது, சட்டம் இன்றுவரை வரவில்லை.

ஆனால் கோர்ட் அங்கேயே நின்றுவிடவில்லை. ஆந்திராவில் கைப்பற்றிய உரம் கெட்டுப்போன நாகேந்திர ராவ் வழக்கில், 1994-ல், அரசு கொடுத்தே ஆக வேண்டும் என்றது. பாண்டி சாருக்கு இன்னும் பொருத்தமானது 1977-ன் பசவ்வா வழக்கு. போலீஸ் காவலில் இருந்த நகை திருட்டுப்போனது. உரிய கவனத்தோடு காத்தோம் என்று அரசால் காட்ட முடியவில்லை. குற்ற வழக்கிலேயே அதன் மதிப்பைப் பணமாகக் கொடுக்க உத்தரவானது, தனி சிவில் வழக்கு தேவைப்படவில்லை.

வரி_கட்டுகிறவன்
எல்லாம் சரி, அந்தப் பணம் யாருடையது? கஜானாவில் இருந்து எடுத்தால் நான் கட்டிய வரி. கார்புரேட்டரைக் கழற்றியவரோ, கழற்றும்போது கண்டுகொள்ளாதவரோ நிம்மதியாகச் சம்பளம் வாங்குவார். அவர் சம்பளத்தில் பிடித்தால்தான் அடுத்த வண்டி தப்பும். லக்னோ வளர்ச்சி ஆணைய வழக்கில் உச்ச நீதிமன்றமே, நஷ்டஈட்டைத் தவறு செய்த அதிகாரிகளிடம் வசூலிக்கச் சொன்னதே?

செல்லூர்_தமிழரசி
அந்தத் தீர்ப்பிலும் பாதிக்கப்பட்டவருக்கு முதலில் கொடுப்பது அரசு அமைப்பு, வசூல் அப்புறம்தான். உங்கள் வழியில் போனால் யார் கழற்றினார் என்று சித்தப்பாதான் கண்டுபிடிக்க வேண்டும். ஸ்டேஷனுக்குள் நடந்ததை ஒரு பால்காரர் எப்படி நிரூபிப்பார்?

2018-ல் சாத்தூர் அரசு மருத்துவமனையில் ஒரு கர்ப்பிணிக்கு எச்.ஐ.வி. தொற்றுள்ள ரத்தம் ஏற்றினார்கள். உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை 25 லட்சம் ரூபாய் கொடுக்க அரசுக்கு உத்தரவிட்டது. ரத்த வங்கி ஊழியர் சம்பளத்தில் பிடித்து அந்தத் தொகையைச் சேர்ப்பது எந்தக் காலம்? அந்தப் பெண் ஊழியரை நம்பி ரத்தம் ஏற்றிக்கொள்ளவில்லை, அரசு ஆஸ்பத்திரி என்று நம்பித்தான். பெரியார் பஸ் நிலையப் பக்கத்து சைக்கிள் ஸ்டாண்டில் வண்டி தொலைந்தால்கூட டோக்கன் கொடுத்த குத்தகைதாரரைத்தான் கேட்போம், அங்கே வேலை பார்க்கும் பையனை அல்ல.

வரி_கட்டுகிறவன்
அரசு முதலில் கொடுக்கட்டும் அக்கா, அதை மறுக்கவில்லை. ஆனால் வசூல் "அப்புறம்" என்று தள்ளினால் அது நடக்கவே நடக்காது. கொடுக்கச் சொல்லும் உத்தரவிலேயே யாரிடம், எத்தனை மாதத்துக்குள் பிடிக்க வேண்டும் என்று எழுதியாக வேண்டும்.

ஓய்வுபெற்ற_எஸ்எஸ்ஐ
யாரிடம் பிடிப்பீர்கள்? பாரா (ஸ்டேஷன் காவல்) டியூட்டியில் நிற்கும் கான்ஸ்டபிளிடமா? அவரை பந்தோபஸ்துக்கு அனுப்பினால் அன்றைக்கு ஸ்டேஷனில் யார் இருப்பார்? சித்திரைத் திருவிழா சமயத்தில் ஒரு ஸ்டேஷனுக்கு வந்து பாருங்கள். கழற்றியவர் இன்னார் என்று தெரிந்தால் வேலையை விட்டே தூக்குங்கள், நானும் கூட நிற்கிறேன். தெரியாதபோது ஒரு கிரேடு டூ போலீஸ்காரர் தலையில் கட்டுவதை ஒப்ப மாட்டேன்.

செல்லூர்_தமிழரசி
நீங்கள் சொல்வதே என் வாதத்துக்குத்தான் பலம் சேர்க்கிறது ஐயா. இடம் இல்லை, ஆள் இல்லை, நிதி இல்லை என்பதெல்லாம் அரசின் குறை. ஆகவே அரசுதான் கொடுக்க வேண்டும்.

ஒத்தக்கடை_வக்கீல்
வண்டிகளை ஸ்டேஷனில் நெடுநாள் போட்டு வைக்காதீர்கள், படம் எடுத்து, உரியவரிடம் பிணைப் பத்திரம் வாங்கிக்கொண்டு விட்டுவிடுங்கள் என்று 2002-ல் சுந்தர்பாய் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லியாகிவிட்டது. இப்போது புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 497-வது பிரிவில், பொருளின் விவரத்தை 14 நாளில் தயாரிக்க வேண்டும், அடுத்த 30 நாளில் அதை என்ன செய்வதென உத்தரவிட வேண்டும் என்று இருக்கிறது.

பாண்டி சார், சித்தப்பா கையெழுத்துப் போடாமல் வந்தது நல்லது. "நல்ல நிலையில் பெற்றுக்கொண்டேன்" என்று எழுதிக் கொடுத்துவிட்டால் பிறகு வாதாடுவது கஷ்டம். வண்டி எப்படி இருக்கிறது என்பதைப் படமெடுத்து, மெக்கானிக்கிடம் எஸ்டிமேட் வாங்கி, அதே மாஜிஸ்திரேட் கோர்ட்டில் மனுப் போடுங்கள். சிவில் வழக்குக்குப் போனால் சிவில் நடைமுறைச் சட்டத்தின் 80-வது பிரிவின்படி அரசுக்கு நோட்டீஸ் கொடுத்து இரண்டு மாதம் காத்திருக்க வேண்டும்.

ஓய்வுபெற்ற_எஸ்எஸ்ஐ
அரசு தரவேண்டும் என்பதில் எனக்கு இன்னும் உடன்பாடு இல்லை. இருந்தாலும் சொல்கிறேன் தம்பி: வண்டியைக் கைப்பற்றியபோது சாட்சிகளை வைத்து எழுதிய மகஜருக்கும், பொருளின் விவரம் எழுதிக் கோர்ட்டுக்கு அனுப்பிய படிவம் 95-க்கும் நகல் மனுப் போடுங்கள். என்னென்ன பாகம் இருந்தது என்று மகஜரில் எழுதியிருந்தால், காணாமல் போனது அதற்கு முன்பா பின்பா என்பது தெரிந்துவிடும்.

மேலூர்_பாண்டி
திங்கட்கிழமை நகல் மனுப் போடுகிறோம் ஐயா. மகஜர் கிடைத்ததும் இங்கேயே எழுதுகிறேன்.