மேடும் பாறையும் ஜெயித்துக் கொடுத்த சண்டைகள்

துப்பாக்கிச் சண்டை வீடியோ கேமில் நிலத்தின் அமைப்பு ஜெயிக்க வைத்த கதைகளை மூன்று ஆட்டக்காரர்கள் சொல்கிறார்கள்.

பப்ஜி கேமில் எரங்கெல் மேப். கடைசி ஸோன், அதாவது சுருங்கிக்கொண்டே வரும் ஆட்ட எல்லை, பொச்சின்கி ஊருக்கு வெளியே மேட்டுப் பக்கம் விழுந்தது. ஸ்குவாடில் மிச்சம் நான் மட்டும்தான், எதிரேயும் ஒருவன்தான். என் கையில் ஒவ்வொரு குண்டாகச் சுடும் கார்98கே துப்பாக்கி, அவனிடம் சரமாரியாகச் சுடும் எம்416. நேருக்கு நேர் நின்றிருந்தால் என்னைச் சல்லடையாக்கியிருப்பான்.

ஆனால் அவன் எதிர் மேட்டின் உச்சியில் ஏறி நின்றான், பின்னால் வெறும் வானம். நான் என் மேட்டின் உச்சிக்குக் கொஞ்சம் கீழே, மறுபக்கச் சரிவில் நின்றேன். டிபிபி மோடில் கேமரா நம் முதுகுக்குப் பின்னால், வலது தோளுக்கு மேலே இருக்கும் இல்லையா? அதனால் உடம்பு முழுக்க மண்ணுக்குப் பின்னால் இருந்தும் அவன் நடப்பது, ரீலோட் செய்வது எல்லாம் எனக்குத் தெரிந்தது. அவனுக்கு என் தலைகூடத் தெரியாது.

இதில் ஒரு சிக்கல் உண்டு. பார்ப்பது கேமரா, குண்டு கிளம்புவதோ துப்பாக்கி முனையிலிருந்து. இருந்த இடத்திலிருந்தே சுட்டால் முன்னால் இருக்கும் மண்ணில்தான் பாயும். அதனால் ஏறி, சுட்டு, உடனே இறங்கினேன். முதல் குண்டு அவன் உடம்பில் பட்டது. நான் தலைகாட்டிய இடத்தையே அவன் குறிவைத்துக் காத்திருந்தான், முக்கால்வாசிப் பேர் அப்படித்தான் செய்வார்கள். சரிவுக்குள்ளேயே பக்கவாட்டில் ஓடி வேறு இடத்தில் எழுந்தேன். அவன் தலையில் லெவல் 2 ஹெல்மெட். கார்98கே ஹெட்ஷாட்டை அது தாங்காது.

எஃப்பிபி, அதாவது கேமரா நம் கண்ணிலேயே இருக்கும் மோடு ஆடுபவர்கள் இதை நம்ப வேண்டாம். அங்கே பார்க்க வேண்டும் என்றால் நம் தலையும் வெளியே வந்தே ஆக வேண்டும்.

* * *

நானும் பப்ஜிதான், ஆனால் எனக்கு மிராமார் மேப். அந்தப் பாலைவனத்தில் பாறையை விட்டால் வேறு கவர் ஏது? ஒரே பாறைக்கு இந்தப் பக்கம் நான், அந்தப் பக்கம் அவன். கேமரா வலது தோளில் இருப்பதால் பாறையின் வலது ஓரத்திலிருந்து எட்டிப் பார்ப்பவனுக்கே லாபம். பாறை எப்போதும் என் இடது கைப் பக்கம் இருக்கும்படி சுற்றினேன். அவன் அவசரப்பட்டு எதிர்த் திசையில் சுற்றி வந்தான். அவன் உடம்பு பாதி வெளியே வந்த பிறகுதான் அவன் கேமராவில் நான் விழுந்திருப்பேன்.

என் கூட்டாளி ஒருவன் இன்னும் புல்லுக்குள் படுத்து ஒளிகிறான். தூரத்தில் இருப்பவன் திரையில் அந்தப் புல் வரவே வராது, மொட்டை மைதானத்தில் படுத்திருப்பது போலத்தான் தெரிவான். சொன்னால் கேட்டால்தானே!

* * *

கவுண்டர் ஸ்ட்ரைக் ஆள் நான். டஸ்ட்2 மேப்பில் லாங் என்ற நீண்ட பாதைப் பக்கம் இருக்கும் பிட் என்ற பள்ளத்தை மறக்காதீர்கள். உயரம்தான் எப்போதும் நல்லது என்பவர்களுக்கு அந்தப் பள்ளம் நல்ல பதில். உள்ளே நின்று, பாம் வைக்கும் இடமான ஏ சைட்டைப் பார்த்தால் அங்கிருப்பவனுக்கு நம் தலை மட்டும்தான் தெரியும்.

அப்புறம், மூலைச் சுவரை ஒட்டி நிற்காதீர்கள். இரண்டு பேரில் மூலையிலிருந்து தள்ளி நிற்பவனுக்குத்தான் எதிராளியின் தோள் முதலில் தெரியும். நேற்று லாங் டோர்ஸ் என்ற கதவுப் பக்கம் ஒருவன் சுவரோடு ஒட்டிக்கொண்டு வந்தான். நான் நன்றாகப் பின்வாங்கி நின்றிருந்தேன், தோள் தெரிந்ததுமே ஏடபிள்யூபி ஸ்னைப்பரில் முடித்தேன். சாட்டில் ஹேக்கர் என்று திட்டினான்.