புதுப்பிப்பு: தவணைத் தள்ளிவைப்பு வழக்கில் இறுதித் தீர்ப்பு

கொரோனா காலத்தில் ரிசர்வ் வங்கி அனுமதித்த கடன் தவணைத் தள்ளிவைப்பு தொடர்பான வழக்கில், 2020 ஆகஸ்ட் 31 வரை வாராக்கடனாக (தவணை நீண்ட காலம் கட்டப்படாத கடனாக) அறிவிக்கப்படாத கணக்குகளை மறு உத்தரவு வரும்வரை அவ்வாறு அறிவிக்கக் கூடாது என்று உச்ச நீதிமன்றம் செப்டம்பர் 3 அன்று பிறப்பித்த இடைக்கால உத்தரவைப் பற்றிச் 2020இல் எழுதியிருந்தேன். அவ்வழக்கு 2021இல் முடிந்தது.

2021 மார்ச் 23 அன்று நீதிபதி அசோக் பூஷண் தலைமையிலான மூவர் அமர்வு, 2020 மார்ச் முதல் ஆகஸ்ட் வரையிலான ஆறு மாதத் தள்ளிவைப்புக் காலத்துக்கு எந்தக் கடனாளியிடமும் வட்டிக்கு வட்டியோ அபராத வட்டியோ வசூலிக்கக் கூடாது என்றும், வசூலித்திருந்தால் அதை அடுத்த தவணையில் ஈடுகட்ட வேண்டும் என்றும் தீர்ப்பளித்தது. மத்திய அரசு 2 கோடி ரூபாய் வரையிலான கடன்களுக்கு மட்டும் வட்டிக்கு வட்டியில் சலுகை தந்ததற்குத் தக்க காரணம் இல்லை என்றும் கூறியது. வரவேற்க வேண்டிய தீர்ப்புதான்.

ஆனால் தொகையைப் பாருங்கள். 8 சதவீத வட்டியில் 30 லட்சம் ரூபாய் வீட்டுக்கடன் நிலுவை உள்ளவருக்கு ஆறு மாதத் தனிவட்டி 1,20,000 ரூபாய். மாதக் கூட்டுவட்டி என்றால் ஏறத்தாழ 1,22,018 ரூபாய். கிடைத்த நிவாரணம் அந்த 2,018 ரூபாய் மட்டுமே. வட்டியை முழுவதும் தள்ளுபடி செய்யவும், தள்ளிவைப்பை நீட்டிக்கவும் நீதிமன்றம் மறுத்துவிட்டது.

எனக்குப் பெரும் கவலை தந்தது, வாராக்கடன் அறிவிப்புக்கு இருந்த தடை அதே தீர்ப்பில் நீங்கியதுதான். வேலையிழந்து, தடையை மட்டும் நம்பித் தவணையை நிறுத்தியவர்கள் வங்கியின் கடிதத்துக்குக் காத்திராமல் உடனே கிளை மேலாளரைச் சந்தித்து, நிலுவையைக் கட்ட எழுத்து மூலம் அவகாசம் கேட்க வேண்டியிருந்தது.