மறு: இன்டர்டைட்டிலுக்குத் தமிழில் என்ன?

அன்புள்ள குழுவினருக்கு வணக்கம். ஊமைப்படங்களில் காட்சிகளுக்கு நடுவே தனியாக வரும் எழுத்தை ஆங்கிலத்தில் ‘இன்டர்டைட்டில்’ என்கிறோம். நம் அகராதிக்காக அதற்குத் தமிழ்ச்சொல் தேடும் உங்கள் கடிதங்களுக்கு என் பதில்கள் இவை.

> ஜெர்மன்காரர்கள் ‘ஸ்விஷன்டீட்டல்’ என்கிறார்கள். ‘இடைத்தலைப்பு’ என்றே வைத்துவிடலாமே?

ஐயா, ‘இடை’ பொருந்துகிறது, ‘தலைப்பு’தான் இடிக்கிறது. தலைப்பு என்றால் மேலே நின்று பெயர் சொல்வது. ஊமைப்படத்தில் காட்சிக்கு நடுவே வரும் எழுத்துக்கு அதைவிடப் பெரிய வேலை உண்டு.

ஜெர்மன் இயக்குநர் எர்ன்ஸ்ட் லூபிட்ச் 1919இல் எடுத்த ‘சிப்பி இளவரசி’யைப் பாருங்கள். ஷூ பாலிஷ் கோடீஸ்வரரின் மகள் ஒரு பிரபுவை மணந்துவிட்டாள் என்று கேள்விப்பட்டு, சிப்பி வியாபாரக் கோடீஸ்வரர் குவேக்கரின் மகள் அறையையே துவம்சம் செய்கிறாள். மகளாக நடித்த ஓஸ்ஸி ஓஸ்வால்டா அமர்க்களப்படுத்தியிருக்கும் காட்சி. அப்பா உள்ளே வந்ததும் பத்திரிகைகள் பறக்கின்றன. ஏன் பத்திரிகையை வீசுகிறாய் என்று கேட்கிறார். ஜாடியெல்லாம் உடைந்துபோயிற்றே என்கிறாள். வீசுவதைத்தான் படம் காட்டுகிறது. சிரிப்பு எழுத்தில் இருக்கிறது. எதற்கும் அசராத குவேக்கர், இது என்னை அசத்தவில்லை என்று படம் முழுக்கச் சொல்லி வருவதும், கடைசியில் சாவித்துவாரம் வழியே மகளையும் மருமகனையும் எட்டிப் பார்த்த பிறகு அசந்துபோவதும் அப்படித்தான். இவற்றைத் தலைப்பு என்று எப்படிச் சொல்வது?

என் பரிந்துரை ‘இடைவாசகம்’. வாசிக்கப்படுவது வாசகம், காட்சிகளுக்கு இடையே வருவதால் இடைவாசகம்.

அதற்குள்ளேயே இரண்டு வகை உண்டு. மேலே சொன்னவை பாத்திரங்கள் பேசுபவை. ஆனால் அதே படத்தில், கல்யாண விருந்தில் திடீரென்று ஃபாக்ஸ்ட்ராட் என்ற நடனத் தொற்றுநோய் பரவுகிறது என்று ஒரு வாசகம் வரும். உடனே விருந்தினர் முதல் சமையலறை ஆட்கள் வரை எல்லோரும் ஆடுகிறார்கள். இசைக்குழுவை நடத்துபவராக வரும் நடிகர் குர்ட் போய்ஸ் இடுப்பை ஆட்டும் அழகை எத்தனை முறையும் பார்க்கலாம். அந்த வாசகத்தைச் சொல்வது எந்தப் பாத்திரமும் அல்ல, படமே. நம்மிடம் இதற்குச் சொல் தயாராக இருக்கிறது: பாத்திரம் பேசினால் ‘கூற்று’, கதை சொல்பவர் பேசினால் ‘கவிக்கூற்று’.

> கூற்று என்றால் எமன் என்றும் பொருள் உண்டே?

உண்டு அம்மா. ஆனால் தலைவி கூற்று, தோழி கூற்று என்று பள்ளியில் படித்த யாரும் எமனை நினைப்பதில்லை.

ஜெர்மன் இயக்குநர் முர்னாவின் ‘கடைசி மனிதன்’ (1924) படத்தில் சொல்லைச் சோதித்துப் பார்த்தேன். அதில் இடைவாசகம் ஒன்றே ஒன்றுதான்: ஆசிரியர் கதைநாயகரான முதியவர்மேல் இரங்கி, நடக்கவே முடியாத ஒரு முடிவைச் சேர்த்தார் என்பது. முழுக்க முழுக்கக் கவிக்கூற்று. சொல் நிற்கிறது.

> டைட்டில் கார்டு என்றுதானே எல்லோரும் சொல்கிறோம்?

நம் ஊரில் டைட்டில் கார்டு என்றால் பெயர் போடுவது. குழப்பம்தான் மிஞ்சும். ‘துணையுரை’யும் (சப்டைட்டில்) வேண்டாம், அது காட்சியின் மீதே, அடிப்பகுதியில் ஓடுவது. இடைவாசகம் தனிப் பிலிம் துண்டு. வெட்டியெடுத்து வேறு மொழித் துண்டை ஒட்டலாம். படங்கள் நாடு விட்டு நாடு போனது அப்படித்தான். அதனால் மூல வாசகங்கள் பல தொலைந்தன. ஜெர்மனியில் 1920ஆம் ஆண்டுத் திரைப்படச் சட்டத்துக்குப் பின் வந்த தணிக்கை அட்டைகளில் (ஒவ்வொரு படத்துக்கும் தணிக்கைக்குழு தந்த சான்று) வாசகங்களும் பதிவாயின. பழைய படங்களை மீட்டெடுப்பவர்களுக்கு இன்று அவை பெரிய துணை. ஆகவே ஒரு படத்தின் வாசகங்களைத் தொகுத்துத் தரும் ‘இடைவாசகப் பட்டியல்’ என்பதையும் அகராதியில் சேர்க்க வேண்டும்.

மறுப்பு இருப்பவர்கள் மாற்றுச் சொல்லை ஒரு வாக்கியத்தில் அமைத்து அனுப்புங்கள்.